பூட்டிய அறையில் 60 நிமிடம்: புடாபெஸ்ட் நிலவறைகளும் எஸ்கேப் ரூம் விளையாட்டும்

வெளிநாட்டில் இருக்கும் பிள்ளைகளைப் பார்க்க விசா எடுத்துப் போகும் நம்மவர்கள், கோயில், பூங்கா, கடைத்தொகுதி எல்லாம் பார்த்து முடித்த பிறகு இப்போது இன்னோர் இடத்துக்கும் கூட்டிச் செல்லப்படுகிறார்கள். அதன் பெயர் எஸ்கேப் ரூம். ஒரு குழுவாகக் காசு கட்டி ஓர் அறைக்குள் போகவேண்டும். கதவு சாத்தப்படும். உள்ளே ஒளித்துவைக்கப்பட்டிருக்கும் துப்புகளைத் தேடி, புதிர்களை அவிழ்த்து, பெரும்பாலும் 60 நிமிடங்களுக்குள் வெளியே வரவேண்டும். லண்டன், பாரிஸ், ரொறன்ரோ எங்கும் இருக்கிறது. அங்கு வளரும் பிள்ளைகள் பிறந்தநாளுக்கு இங்கேதான் போகிறார்கள்.

பூட்டிய அறை என்றதும் நம்மில் பலருக்கு நினைவில் வருவது விளையாட்டு அல்ல. ஆகவே இது என்ன, எங்கிருந்து வந்தது, யாரைக் கூட்டிப்போகலாம், போகுமுன் எதைக் கேட்கவேண்டும் என்பதை ஓரிடத்தில் எழுதிவைக்கலாம் என்று தோன்றியது. நான் இதை நேரில் பார்த்தது ஹங்கேரியின் தலைநகர் புடாபெஸ்டில். ஐரோப்பாவில் இந்த விளையாட்டு பரவத் தொடங்கியதும் அந்த நகரத்தில்தான்.

இதன் முதல் ஊர் யப்பான். 2004இல் தொஷிமிட்சு தகாகி என்பவர் ‘கிரிம்சன் ரூம்’ என்ற கணினி விளையாட்டை உருவாக்கினார். திரையில் ஓர் அறை, அதிலிருந்து வெளியேற வழி தேடவேண்டும், அவ்வளவுதான். இந்த வகை விளையாட்டுகளை 2007இல் தகாவோ கட்டோ என்பவர் கியோட்டோவில் உண்மையான இடத்துக்கும் உண்மையான மனிதருக்குமாக மாற்றினார். அவருடைய நிறுவனத்தின் பெயர் ஸ்க்ராப். 2011இல் புடாபெஸ்டில் அட்டிலா கியுர்கோவிச் ‘பாராபார்க்’ என்ற பெயரில் ஒன்றைத் திறந்தார். அதன்பின் சில வருடங்களிலேயே அந்த நகரத்தின் நிலவறைகள் பல எஸ்கேப் ரூம்களாகிவிட்டன.

ஹங்கேரிய மொழியில் இதற்கு ‘சபடுலோசொபா’ என்று பெயர். ‘சொபா’ என்றால் அறை. முதற்பகுதி விடுபடுதலைக் குறிக்கும் வினையிலிருந்து வருகிறது. விடுதலை என்பதற்கான அவர்களது சொல்லும் அதே வேரில் பிறந்ததுதான்.

ஏன் புடாபெஸ்ட் என்பதற்கு எளிமையான பதில் நிலவறைகள். நகரத்தின் 7ஆம் வட்டாரத்தில் பழைய மாடிவீடுகள் நடுமுற்றத்தைச் சுற்றி எழும்பியிருக்கின்றன. அவற்றுக்குக் கீழே செங்கல் வளைவுகளோடு நிலவறைகள் உண்டு. பாழடைந்து கிடந்த அந்தக் கட்டடங்களில் 2000களின் தொடக்கத்திலிருந்து மதுச்சாலைகள் வந்தன. காசின்சி தெருவிலுள்ள ‘சிம்ப்லா’ அவற்றில் பெயர்போனது. வாடகை மலிவு, வெளிச்சம் இல்லை, சத்தம் வெளியே போகாது. வேறு தொழிலுக்குக் குறையாக இருப்பதெல்லாம் இந்த விளையாட்டுக்கு வசதி.

ஆனால் அந்த வட்டாரத்துக்கு இன்னொரு கதை இருக்கிறது. 1944இன் கடைசி மாதங்களில் ஏறத்தாழ 70,000 யூதர்கள் அதே தெருக்களுக்குள் வேலியிட்டு அடைக்கப்பட்டார்கள். அந்த டிசம்பர் இறுதியில் சோவியத் படைகள் நகரத்தைச் சுற்றி வளைத்தன. 1945 பெப்ரவரி 13 வரை சுமார் 50 நாட்கள் முற்றுகை. மேலே ஷெல்லும் விமானக் குண்டும். கீழே, நிலவறைகளில், நகரத்து மக்கள். செத்த குதிரையின் இறைச்சியை வெட்டித் தின்று, பனியை உருக்கிக் குடித்து இருந்தார்கள். ஏறத்தாழ 38,000 பொதுமக்கள் இறந்தார்கள் என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு. நகரத்தின் நிலவறைகளுக்குள் இறங்கும்போது இதைத் தெரிந்துகொண்டு இறங்குவது நல்லது. எங்களுக்கு அறிமுக உரை தந்த இளைஞர் இதைச் சொல்லவில்லை. அது அவருடைய வேலையும் அல்ல.

கியுர்கோவிச் தன் விளையாட்டுக்கு அடிப்படை என்று குறிப்பிட்டது ‘ஃப்ளோ’ என்ற உளவியல் கருத்தை. ஒரு வேலை நம் திறமைக்குச் சற்றே சவாலாக இருந்தால் நேரம் போவதே தெரியாமல் அதில் அமிழ்ந்துவிடுகிறோம் என்பது அதன் சாரம். அதை முன்வைத்தவர் மிஹாய் சிக்சென்ட்மிஹாய், ஹங்கேரியக் குடும்பத்தவர். போரில் ஓர் அண்ணனை இழந்தவர். சிறுவனாக இத்தாலியில் தடுத்துவைக்கப்பட்டிருந்த காலத்தில், சதுரங்கம் ஆடும்போது மட்டும் சுற்றிலும் நடப்பது மறந்துபோனதைக் கண்டுகொண்டதாகப் பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். முகாம்களில் தாயக்கட்டையும் காட்ஸ் கூட்டமும் ஏன் ஓயாமல் நடந்தன என்று யோசித்தவர்களுக்கு இது விளங்கும்.

நாங்கள் போனது ஐந்து பேர். ஜேர்மனியில் இருக்கும் பெரியம்மாவின் மகள், அவளுடைய 14 வயது மகன், 11 வயது மகள், நான், கிளிநொச்சியிலிருந்து வந்திருந்த பெரியம்மா. ஷெங்கன் விசா என்பதால் அங்கிருந்து ஹங்கேரிக்கு வேறு விசா வேண்டியிருக்கவில்லை. பெடியன் தெரிவு செய்து வைத்திருந்தது வெடிகுண்டைச் செயலிழக்கச் செய்யும் அறையை. அடுத்த விருப்பம் சிறைக்கூடம். இரண்டும் வேண்டாம் என்று அவனுடைய தாய் ஒரே வார்த்தையில் சொன்னாள். காரணம் கேட்டான். “அம்மம்மாட்டக் கேள்” என்றாள். அவன் கேட்கவில்லை. கடைசியில் மணிக்கூடு திருத்துபவரின் பட்டறை என்ற அறையை எடுத்தோம்.

“காசும் குடுத்து எங்களை நாங்களே பூட்டுறதோ?” என்று பெரியம்மா படியிறங்கும்போது கேட்டார்.

உள்ளே நடப்பது இதுதான். சுவரில் நேரம் குறைந்துகொண்டு வரும். அலமாரி, லாச்சி, படச்சட்டம், புத்தகம் எல்லாவற்றையும் தொட்டுத் திருப்பிப் பார்க்கவேண்டும். ஓரிடத்தில் கிடைக்கும் இலக்கம் இன்னோரிடத்துப் பூட்டைத் திறக்கும். அதற்குள் ஒரு சிறு விளக்கு. அதை அடித்தால் சுவரில் மறைந்திருக்கும் எழுத்துத் தெரியும். பலமோ வேகமோ தேவையில்லை. கண்டதை மற்றவருக்குச் சத்தமாகச் சொல்லத் தெரிந்தால் போதும். அதைச் செய்யாத குழுக்கள்தான் தோற்கின்றன. வெளியே ‘கேம் மாஸ்டர்’ எனப்படும் ஒருவர் கமராவில் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருப்பார். தடுமாறினால் திரையிலோ வோக்கிடோக்கியிலோ ஒரு குறிப்புத் தருவார்.

கதவைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்லவேண்டும். ஒழுங்காக நடத்தப்படும் இடங்களில் வாசற்கதவு உண்மையில் பூட்டப்படுவதில்லை, அல்லது உள்ளிருந்தே ஒரு பொத்தானை அழுத்தினால் திறந்துவிடும். பல இடங்களில் மின்காந்தப் பூட்டு இருக்கும். மின்சாரம் இருக்கும்வரைதான் அது கதவைப் பிடித்துவைத்திருக்கும்; மின்சாரம் நின்றால் கதவு தானாக விடுபடும். இது எல்லா இடத்திலும் இப்படி இருக்கும் என்று நம்பிவிடக் கூடாது. 2019 ஜனவரி 4 அன்று போலந்தின் கொஷாலின் நகரில், பிறந்தநாள் கொண்டாடப் போன 15 வயதுச் சிறுமிகள் ஐந்து பேர் எஸ்கேப் ரூம் ஒன்றில் தீ ஏற்பட்டபோது வெளியே வரமுடியாமல் புகையில் மூச்சுத்திணறி இறந்தார்கள். தப்பிச் செல்ல முறையான வழி இருக்கவில்லை. அதன்பிறகே போலந்து அரசு நாடு முழுவதும் இந்த இடங்களைச் சோதித்துப் பலவற்றை மூடியது.

பெரியம்மா கதவை மூடாமல் விடச் சொன்னார். அந்த இளைஞர் மறுபேச்சில்லாமல் ஒரு கட்டையை வைத்துக் கதவைத் திறந்தபடி விட்டார். எனக்கு அந்த இடம் பிடித்தது அதனால்தான். இருபது நிமிடம் போல எங்களோடு இருந்தார். பிள்ளைகள் கண்மட்டத்தில் இருப்பதை மட்டும் துழாவிக்கொண்டிருக்க, கதிரையைக் கவிழ்த்து அடியில் ஒட்டியிருந்த திறப்பை எடுத்துக் கொடுத்தது அவர்தான். பிறகு வெளியே போய், கேம் மாஸ்டருக்குப் பக்கத்தில் கதிரை போட்டுக்கொண்டு திரையில் எங்களைப் பார்த்தபடி இருந்தார்.

அன்று பின்னேரம் தனூப் கரையோரமாகப் போகும் 2ஆம் இலக்க டிராமில் அவர் சொன்னார்: “உள்ளுக்க இருக்கிற பிள்ளையள இப்பிடி ஒரு ரீவியில காட்டியிருந்தாலே போதும் எண்டு எத்தினை தாய்மார் இருந்திருப்பினம்.”

அந்தப் பாதையில், நாடாளுமன்றத்துக்கு அருகே ஆற்றங்கரையில், இரும்பில் வார்த்த 60 சோடிச் சப்பாத்துகள் இருக்கின்றன. அம்புச் சிலுவைக் கட்சியினர் யூதர்களைக் கரையில் நிறுத்தி, சப்பாத்தைக் கழற்றச் சொல்லிச் சுட்டு ஆற்றில் தள்ளியதன் நினைவாக 2005இல் வைக்கப்பட்டவை. சான் தொகாய் என்பவரின் எண்ணம், சிற்பி கியுலா பவுவரின் கை. ஒரே நாளில் அந்த நிலவறையையும் இந்தக் கரையையும் பார்க்க முடிகிற நகரம் அது.

பிறர் துயரத்தை விளையாட்டுக் கருவாக எடுப்பது சரியா என்ற கேள்வி ஐரோப்பாவில் எழாமல் இல்லை. நெதர்லாந்தின் வல்கன்ஸ்வார்ட்டில் ஒரு பழைய பங்கரை, ஆன் ஃபிராங்க் மறைந்திருந்த வீடு போல அமைத்து எஸ்கேப் ரூமாக நடத்தினார்கள். ஆன் ஃபிராங்க் அறக்கட்டளை அதைக் கடுமையாக எதிர்த்தது. ஒளிந்திருப்பது விறுவிறுப்பான விளையாட்டு, கெட்டிக்காரராக இருந்தால் பிடிபடாமல் தப்பலாம் என்ற எண்ணத்தை அது தருகிறது என்பது அவர்களது வாதம். அந்த வாதத்தோடு நான் முழுமையாக உடன்படுகிறேன். அங்கே மறைந்திருந்த எட்டுப் பேரில் உயிரோடு திரும்பியவர் தந்தை ஒட்டோ மட்டுமே. மற்ற ஏழு பேருக்கும் புத்தி குறைவு என்றா அர்த்தம்?

நம்முடைய பங்கர்களுக்குக் கதவே இருக்கவில்லை. ‘எல்’ வடிவில் வெட்டி, மேலே பனங்குற்றி அடுக்கி, கடைசி மாதங்களில் சேலையில் மண்மூட்டை தைத்து வைத்திருந்தோம். துப்பும் இல்லை, நேரக்கணக்கும் இல்லை. போர் முடிந்தபின் புதுக்குடியிருப்புப் பகுதியிலிருந்த விடுதலைப் புலிகளின் தலைவருடைய நிலத்தடி இருப்பிடத்தைப் பார்க்கத் தெற்கிலிருந்து பஸ் பஸ்ஸாக ஆட்கள் வந்தார்கள். 2013 ஒக்ரோபரில் இராணுவம் அதைத் தகர்க்கும்வரை அது சுற்றுலா இடமாகவே இருந்தது. சுற்றிலும் இருந்த ஊர்ச்சனத்தின் பங்கர்களைப் பற்றி அங்கே யாரும் விளக்கவில்லை.

இனி, போவதாக இருந்தால். பதிவு செய்யும்போதே அறையின் கரு என்ன என்று கேளுங்கள். கைவிலங்கு மாட்டுவார்களா, கண்ணைக் கட்டுவார்களா, முழு இருட்டு வருமா, சைரனோ வெடிச்சத்தமோ உண்டா, புகை விடுவார்களா, நடிகர் எவராவது திடீரென்று உள்ளே வந்து பயமுறுத்துவாரா என்று ஒவ்வொன்றாகக் கேட்கலாம். புதிரின் விடையைத்தான் சொல்லமாட்டார்கள், இவற்றைச் சொல்வார்கள். சொல்ல மறுக்கும் இடத்தை விட்டுவிடுங்கள். சில அறைகளில் குழுவை இரண்டாகப் பிரித்து வெவ்வேறு பக்கம் அடைத்து ஆட்டத்தைத் தொடங்குவார்கள். குடும்பத்தைப் பிரித்து ஏற்றிய பஸ்களை நினைவில் வைத்திருப்பவர்களுக்கு அது வேண்டாம். முன்கூட்டியே சொன்னால் மாற்றித் தருவார்கள். உள்ளே போனதும் முதலில் அவசரப் பொத்தானைக் காட்டச் சொல்லி, உங்கள் கையாலேயே கதவை ஒருமுறை திறந்து பாருங்கள். நெஞ்சு படபடத்தால், வியர்த்தால், குறிப்புக்குக் காத்திருக்காமல் வெளியே வந்துவிடலாம். காசு பல இடங்களில் ஆளுக்கல்ல, குழுவுக்கு என்பதால் ஒருவர் வெளியேறுவதால் மற்றவர் ஆட்டம் கெடாது.

உள்ளே போக விருப்பமில்லாதவரை வற்புறுத்தவேண்டிய தேவையும் இல்லை. கேம் மாஸ்டருக்குப் பக்கத்தில் இருந்து பார்க்க விடுவார்களா என்று கேட்டுப்பாருங்கள். எங்களுக்கு விட்டார்கள். பெரியம்மாவும் அந்த இளைஞரும், ஒருவர் மொழி மற்றவருக்குத் தெரியாமலே, நாங்கள் எந்த லாச்சியைத் திறக்காமல் விட்டோம் என்று கையால் காட்டிச் சிரித்துக்கொண்டிருந்ததாகப் பிறகு அறிந்தோம். நாங்கள் வெளியே வந்தபோது சுவரில் நான்கு நிமிடம் மீதி இருந்தது.