வீரா சாத்திதார்: தன் வழக்கிலேயே துணைப்பாத்திரம்

சைதன்ய தம்ஹானே இயக்கிய ‘கோர்ட்’ (2014) திரைப்படத்தில் நாராயண் காம்ப்ளே என்ற முதிய மக்கள் பாடகராக நடித்தவர் வீரா சாத்திதார். நாக்பூரைச் சேர்ந்த அம்பேத்கரியச் செயற்பாட்டாளர். ‘வித்ரோஹி’ என்னும் மராத்தி இதழின் ஆசிரியர். நடிப்பு அவருடைய தொழிலன்று. இயக்க மேடையிலிருந்து திரைக்கு வந்தவர். வெனிஸ் திரைப்பட விழாவில் ஒரிசோந்தி பிரிவின் சிறந்த படத்திற்கான விருதையும், சிறந்த திரைப்படத்திற்கான தேசிய விருதையும் ‘கோர்ட்’ பெற்றது.

வழக்கு

மும்பையில் பாதாளச் சாக்கடைத் தொழிலாளி ஒருவர் குழிக்குள் இறந்துபோகிறார். காம்ப்ளே பாடிய பாடலே அவரைத் தற்கொலைக்குத் தூண்டியது என்பது குற்றச்சாட்டு. இறந்தவருக்குப் பாதுகாப்புக் கருவி எதுவும் தரப்படவில்லை என்பது அவருடைய மனைவியின் சாட்சியத்தில் வெளிப்படுகிறது. பிணையில் வெளிவரும் காம்ப்ளே, சட்டவிரோதச் செயல்கள் தடுப்புச் சட்டத்தின் கீழ் மீண்டும் கைதாகிறார்.

இரு சட்டங்கள்

தற்கொலைக்குத் தூண்டுதல், 2024 வரை நடைமுறையில் இருந்த இந்திய தண்டனைச் சட்டத்தின் 306ஆம் பிரிவின்படி 10 ஆண்டுகள் வரை சிறைக்குரிய குற்றமாக இருந்தது. பாதுகாப்புக் கருவியின்றி ஒருவரைச் சாக்கடைக்குள் இறக்குவதைத் தடைசெய்யும் 2013ஆம் ஆண்டின் கையால் மலம் அள்ளும் தொழில் தடைச் சட்டமோ, முதல் குற்றத்திற்கு விதிப்பது அதிக அளவாக 2 ஆண்டுகள் சிறை, அல்லது 2 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். பாடியவர் கூண்டில் நிற்கிறார். இறக்கியவர் வழக்கிலேயே இல்லை. படத்தின் மையம் இதுவே.

மௌனம்

காம்ப்ளேயைச் சுற்றியே கதை நகர்ந்தாலும், நீதிமன்றக் காட்சிகளில் பேசுவோர் வழக்கறிஞர்களும் நீதிபதியுமே. மேடையில் முழங்கும் அதே மனிதர் கூண்டில் சில சொற்களோடு நின்றுவிடுகிறார். அந்த மௌனத்தைச் சாத்திதார் கெஞ்சலாகவோ வீரமாகவோ ஆக்கவில்லை. நீண்ட காலம் காத்திருந்து பழகிய மனிதனின் நிதானமாக ஆக்கினார். குற்றஞ்சாட்டப்பட்டவர் தன் வழக்கிலேயே துணைப்பாத்திரமாகிவிடுவதை விசாரணை நீதிமன்றங்களில் நாள்தோறும் காண்கிறோம்.

பின்னர்

2021 ஏப்ரல் 13 அன்று, அம்பேத்கர் பிறந்தநாளுக்கு முந்தைய நாள், கொரோனா தொற்றால் சாத்திதார் காலமானார். சாக்கடை மரணங்களுக்கான இழப்பீட்டை 10 லட்சத்திலிருந்து 30 லட்சம் ரூபாயாக உச்ச நீதிமன்றம் 2023இல் உயர்த்தியது. தொகை உயர்ந்திருக்கிறது, குழிக்குள் இறக்கியவர் யார் என்று அந்தப் படம் எழுப்பிய கேள்வியை ஒவ்வொரு மரணத்திலும் நாம்தான் மீண்டும் எழுப்ப வேண்டியிருக்கிறது.