நிழற்படமும் வன்னி மண்ணும்

இலங்கையின் நிழற்படக் கலை வரலாற்றில் லயனல் வென்ற் என்பாருக்குத் தனியிடம் உண்டு. 1900 ஆம் ஆண்டிலே கொழும்பில் பறங்கியர் குடும்பமொன்றிற் பிறந்த இவர், இலண்டனில் சட்டமும் பியானோ இசையும் பயின்று மீண்டார். இருவேறு பண்பாடுகளின் இடையே நின்றவர், தாம் யார் என்னும் வினாவுக்கு விடையை இந்நாட்டு மக்களின் முகங்களிலே தேடினார் எனலாம். பசில் றைற் 1934 இல் உருவாக்கிய 'சோங் ஒவ் சிலோன்' திரைப்படத்தில் ஒலிப்பதும் இவர் குரலே. சிவனொளிபாதமலை யாத்திரையையும் கண்டி நடனத்தையும் அழகுறக் காட்டும் அப்படத்தில், வன்னிக் குளக்கரை உழவரைக் காண்பதற்கில்லை.

1944 இல் வென்ற் மறைந்தபின் அவருடைய நெகற்றிவ்கள் அழிக்கப்பட்டன. கடதாசிப் பிரதிகளே எஞ்சின.

வன்னியில் நேர்ந்த இழப்போ பெரிது. 2009 இல் முள்ளிவாய்க்கால்வரை இடம்பெயர்ந்தோர் வீட்டோடு படத்தொகுப்புகளையும் கைவிட்டனர். ஒரு பிள்ளைக்கு ஒரே படம் மிஞ்சிய குடும்பங்கள் உண்டு. அடையாள அட்டைக்கென எடுத்தது, பள்ளிக்கூடக் குழுப்படத்திலிருந்து வெட்டிப் பெருப்பித்தது என அவை பலவகைப்படும். எடுத்தவர் பெயரை எவரும் அறியார். கலை வரலாறு எழுதுவோரும் அவற்றை நாடுவதில்லை. அது பெருங்குறையென்றே கருதுகிறேன்.

2017 பெப்ரவரி 20 ஆம் நாள், கிளிநொச்சிக் கந்தசுவாமி கோயிலடியில் காணாமலாக்கப்பட்டோரின் தாய்மார் இப்படங்களை ஏந்தி அமர்ந்தனர். வவுனியாவிலும் முல்லைத்தீவிலும் அவ்வாறே அமர்ந்தனர். தம் பிள்ளை இவ்வுலகில் வாழ்ந்தான் என்பதற்கு அவர்கள் காட்டக்கூடிய சான்று அப்படமே. விடை கிடையாமலே அவர்களுட் பலர் காலமாயினர்.