கவலைத் தோலும் மின்சார மோட்டாரும்

பொறிகளின் வரலாற்றை எழுதுவோர் நீராவி எந்திரத்தில் தொடங்கி, நூற்பாலைக்கும் இரயிலுக்கும் செல்வர். புன்செய் நாட்டுக் கிணற்று மேடுகளில் பல தலைமுறைகள் நீர் இறைத்த தோற்பறியைப் பற்றி அவர்கள் எழுதுவதில்லை. அதைத் தைத்தவர் யார், அதற்குத் தோல் எங்கிருந்து வந்தது, பின்னர் அது ஏன் மறைந்தது என்று கேட்டுப் பார்த்தால், புதிய தொழில்நுட்பம் சந்தைக்குள் நுழையும்போது யாருக்கு என்ன நேர்கிறது என்பது நம் ஊர்க் கதையாகவே விளங்கும். இம்மலரைப் படிக்கும் இளைஞர்களில் பலர் கவலை இறைப்பதைக் கண்ணால் கண்டிருக்க மாட்டார்கள். ஆதலின் முதலில் அதைச் சொல்லிவிடுகிறேன்.

கிணற்றின் விளிம்பில் இரண்டு தூண்கள். அவற்றின்மேல் ஓர் உருளை. கிணற்றை ஒட்டிச் சரிவாக வெட்டிய வாரி. மாடுகள் வாரியில் கீழ்நோக்கி இறங்கும்போது வடக்கயிறு இழுபட்டு, நீர் நிறைந்த பறி மேலே வரும். பறியின் அடியில் யானையின் துதிக்கைபோல் தொங்கும் தோற்குழாய்க்குத் தும்பி என்று பெயர். அதன் வாயில் கட்டிய வால்கயிறு, வழியில் நீர் ஒழுகாதபடி தும்பியை மடக்கிப் பிடித்திருக்கும். மேலே வந்ததும் தும்பி நிமிர்ந்து வாய்க்காலில் நீரைத் தானே கொட்டிவிடும். ஒருவர் நின்று கவிழ்க்க வேண்டியதில்லை. கவலை, கமலை, கபிலை என்று ஊருக்கு ஊர் இதன் பெயர் மாறும். காலப்போக்கில் பறி இரும்புத் தகட்டால் ஆயிற்று. தும்பி தோலாகவே நீடித்தது. வளைய வேண்டும், மடிய வேண்டும், நாள்தோறும் நீரில் கிடந்தும் அழுகாதிருக்க வேண்டும். அந்நாளில் ஊருக்குள் கிடைத்த பொருள்களில் இதற்குத் தோலை விட்டால் வேறில்லை. இதைச் சிறந்த பொறி என்று சொல்ல நாம் தயங்க வேண்டியதில்லை.

கொங்கு நாட்டில் அத்தோலைப் பதனிட்டவர்கள் பெரும்பாலும் அருந்ததிய மக்கள். பச்சைத்தோலைச் சுண்ணாம்பு நீரில் ஊறவைத்து, மயிரைக் களைந்து, உட்புறச் சதையை வழித்தெடுத்து, ஆவாரம்பட்டை ஊறிய நீரில் நாள்கணக்கில் கிடத்துவர், கடுக்காயும் சேர்ப்பதுண்டு. பட்டையிலுள்ள துவர்ப்புப் பொருள் தோலின் நாரோடு பிணைந்து அழுகலைத் தடுக்கிறது என்பது இன்றைய வேதியியல் பாடம். அதைக் கையால் அறிந்திருந்தவருக்கு ஊர் கொடுத்த பட்டம் தீண்டத்தகாதவர் என்பது. அவர் தைத்துக் கொடுத்த செருப்பை ஊரார் அணிந்தனர். அவரோ ஊர்த்தெருவில் தம் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நடக்க வேண்டியிருந்தது.

இவ்வேலைக்குக் காசு கூலியாகக் கிடைக்கவில்லை. ஊரில் மாடு செத்தால் அதை அப்புறப்படுத்துவது இவர் கடமை, தோல் இவருக்கு. அதற்கு ஈடாகப் பறி, தும்பி, செருப்பு, வார், சாட்டை ஆகியவற்றைச் செய்து தரவும் பழுது பார்க்கவும் வேண்டும். அறுவடைக் காலத்தில் களத்துமேட்டில் தானியம் அளப்பார்கள். இதை உரிமை என்று எழுதுவோர் உண்டு. செத்த மாட்டை எடுக்க மாட்டேன் என்று சொல்லும் உரிமை அவருக்கு இருந்ததில்லை என்பதையும் அவர்கள் சேர்த்து எழுத வேண்டும். ஆயினும் ஒன்றை ஒப்புக்கொள்ளலாம். மூலப்பொருள் அவர் கையில் இருந்தது, திறன் அவர் கையில் இருந்தது, அவரின்றி ஒரு கிணறும் ஓடாது என்ற நிலை இருந்தது. அந்த நிலையைத்தான் அடுத்த நூறாண்டுகளில் புதிய பொறிகள் இரண்டு முறை குலைத்தன.

முதல் முறை குலைத்தது இரயில். 1856 ஜூலை முதல் நாள் இராயபுரத்திலிருந்து வாலாஜா சாலைவரை தென்னிந்தியாவின் முதல் இருப்புப்பாதை திறக்கப்பட்டது. 1862-க்குள் அப்பாதை கோவைப் பகுதியைக் கடந்து மேற்குக் கடற்கரையை எட்டிவிட்டது. 1869-இல் சூயஸ் கால்வாய் திறந்தது. 1870-இல் கடலடித் தந்தி இந்தியாவை இலண்டனோடு இணைத்தது. இலண்டன் ஏலத்தில் தோல் என்ன விலைக்குப் போயிற்று என்ற செய்தி விரைவில் சென்னை வணிகரை எட்டலாயிற்று. மேலைநாட்டுத் தொழிற்சாலைகளின் எந்திரங்கள் அன்று தோல்வார்ப் பட்டைகளால் சுழன்றன. நகர மக்களும் படைவீரர்களும் காலணி அணிந்தனர். ஆவாரம்பட்டையில் பதனிட்ட சென்னை மாகாணத் தோல் ‘கிழக்கிந்தியக் கிப்’ என்ற பெயரில் அங்கே புகழ் பெற்றது. செத்த மாட்டின் தோலுக்குக் கடல் கடந்த சந்தை உண்டாயிற்று.

விலை ஏறினால் பொருளைச் செய்பவனுக்கு நன்மை என்று சந்தைப் பாடம் சொல்லும். இங்கே நடந்தது அதுவன்று. விலையில்லாத காலத்தில் தீட்டு என்று ஒதுக்கப்பட்ட தோலுக்கு விலை வந்தவுடன் உரிமையாளர் பலர் முளைத்தனர். மாட்டுக்காரர் தோலைத் தமக்கென்று கேட்டார். தோல் தரகர் ஊர் ஊராய் வந்தார். பல இடங்களில் செத்த மாட்டை எடுக்கும் உரிமையே ஏலப் பொருளாகி ஒப்பந்தக்காரர் கைக்குப் போயிற்று. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பாதியில் வட இந்தியாவில் இன்னொன்றும் நடந்தது. தோல் விலைக்காகச் சமார் மக்கள் மாடுகளுக்கு நஞ்சு வைக்கிறார்கள் என்று ஒரு சாதி முழுவதன்மீதும் அரசாங்கமே சந்தேகம் கொண்டது. தோலின் மதிப்பு உயர்ந்தது; தோலைத் தொட்டவரின் மதிப்பு உயரவில்லை.

பல்லாவரம், இராணிப்பேட்டை, ஆம்பூர், வாணியம்பாடி, திண்டுக்கல் போன்ற இடங்களில் தோல் பதனிடும் கூடங்கள் பெருகின. முதலிட்டோரில் தமிழ் முஸ்லிம் வணிகர் பலர். கப்பல் ஏற்றுமதியில் ஐரோப்பிய நிறுவனங்கள் முன்நின்றன. சுண்ணாம்புக் குழியில் இறங்கியவர்கள் ஒடுக்கப்பட்ட மக்கள். மற்றவர் இறங்கத் தயங்கிய குழியாதலால் அந்த வேலை நம்மவருக்கே நிலைத்தது. கூடத்தின் உரிமையோ மிகச் சிலருக்கும் வாய்க்கவில்லை. அதற்கு முதல் வேண்டும், கடன் கொடுப்பார் வேண்டும், கணக்கெழுதத் தெரிய வேண்டும். எனினும் இந்தக் கூடங்களை வெறும் கேடாக நான் எண்ணவில்லை. ஊர்க்களத்தில் கைகட்டி நின்று தானியம் பெறுவதைவிட, நகரத்தில் வாரக் கூலியைக் காசாக வாங்குவது மேல் என்று பலர் புறப்பட்டுச் சென்றதற்குக் காரணம் உண்டு.

இதற்கிடையில் வேறொரு புதுமை வந்தது. 1884-இல் அமெரிக்காவில் அகஸ்டஸ் ஷூல்ட்ஸ் என்பவர் குரோமிய உப்பைக் கொண்டு தோல் பதனிடும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். பட்டையில் வாரக்கணக்கில் ஆகும் வேலை குரோமியத்தில் மிகச் சில நாட்களில் முடிந்துவிடும். தோலும் நீரைத் தாங்கும். சென்னைக் கலைத்தொழிற் பள்ளியின் தலைவராக இருந்த ஆல்பிரட் சாட்டர்டன் 1903 முதல் இம்முறையை இங்கே சோதிக்கலானார். எந்தப் பொருளுக்காகத் தெரியுமா? நம் கவலைப் பறிக்காக. ஏற்றுமதியால் தோல் அருமையாகிவிட்ட காலத்தில், நீரில் நெடுநாள் உழைக்கும் பறி ஒன்றை உழவருக்குத் தர முடியுமா என்பது அவர் எண்ணம். பறியும் நன்றாகவே அமைந்தது. செருப்பும் பூட்சும் அதன்பின் வந்தன. அரசு தொழில் நடத்தலாகாது என்ற கொள்கையுடைய இந்திய அமைச்சர் மார்லி 1910-இல் அனுப்பிய ஆணையால் அரசின் தோல் கூடம் கைமாறிற்று. 1912-இல் சேம்பர்ஸ் என்பவர் பல்லாவரத்தருகே குரோம் தோல் நிறுவனத்தைத் தொடங்கினார். குரோம்பேட்டை என்ற ஊர்ப்பெயர் அதன் நினைவுதான்.

அதே சாட்டர்டன், அதே ஆண்டுகளில், எண்ணெய் எஞ்சின் பூட்டிய பம்புகளையும் கிணறுகளில் நிறுவி உழவரிடம் பரப்பி வந்தார். ஒரு கையால் கவலைப் பறிக்கு நல்ல தோல் தேடியவர், மறு கையால் கவலையே வேண்டாத பொறியைக் கொண்டுவந்தார் என்பது வரலாற்றின் வேடிக்கை. அவரைக் குறைகூற ஏதுமில்லை. நீர் குறைந்த செலவில் மேலே வர வேண்டும் என்பதே அவர் கணக்கு. பறி தைப்பவர் அந்தக் கணக்கில் வரவில்லை.

எண்ணெய் எஞ்சின் பெருநிலக்காரரின் பொருளாகவே நெடுநாள் இருந்தது. நிலைமையை மாற்றியது மின்சாரம். 1932-இல் நீலகிரியின் பைக்காரா நீர்மின் நிலையம் இயங்கத் தொடங்கியது. கோவை ஆலைகளுக்கும் கிணறுகளுக்கும் மின்சாரம் வந்தது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்திருந்த கம்போடியாப் பருத்தி கிணற்றுப் பாசனத்தில் நன்கு விளைவது; அதை ஆலைகள் வாங்கிக்கொண்டன. 1930-களிலேயே கோவையில் மோட்டார் செய்யலானார்கள். ஆலை பருத்தியைக் கேட்டது, பருத்தி நீரைக் கேட்டது, நீர் மோட்டாரைக் கேட்டது, மோட்டார் வார்ப்படச் சாலைகளை வளர்த்தது. ஒரு பொறி ஒரு வட்டாரத்தின் பொருளாதாரத்தையே எவ்வாறு சமைக்கிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தமிழ்நாட்டில் அரிது. 1950-களிலும் 1960-களிலும் ஊர்தோறும் மின்கம்பி சென்றது. 1984-இல் சிறு உழவர்க்கும் 1990-இல் எல்லா உழவர்க்கும் மின்சாரம் இலவசமாயிற்று. இன்று மாநிலத்தில் வேளாண் மின் இணைப்புகள் 20 லட்சத்திற்கும் மேல்.

ஒவ்வோர் இணைப்பும் ஒரு கவலையை ஓயச் செய்தது. ஒரு கவலை ஓய்ந்தால் ஒரு தும்பிக்கு வேலையில்லை, வடத்திற்கு வேலையில்லை, மாட்டு வாருக்கு வேலையில்லை. களத்துமேட்டுத் தானியத்திற்கும் காரணம் இல்லாமற் போயிற்று. இரயில் வந்தபோது தோல் விலையேறியதால் இழந்தவர், மோட்டார் வந்தபோது தோற்பொருளுக்கு விலையே இல்லாமற்போய் இழந்தார். ஏற்றத்திலும் இழப்பு, இறக்கத்திலும் இழப்பு. எஞ்சியிருந்த செருப்புத் தொழிலையும் ஆலையில் வார்த்த இரப்பர்ச் செருப்பு சந்தையிலிருந்து தள்ளிற்று.

கவலை ஓய்ந்ததற்காக நாம் கண்ணீர் விட வேண்டுமா? வேண்டாம் என்பதே என் கருத்து. விடியுமுன்னே மாடுகளோடு வாரியில் இறங்கி ஏறத் தொடங்கியவர்களில் நம்மவர் பலர். பண்ணையாளாக, முன்பணத்திற்குக் கட்டுப்பட்டு. அந்த நடையை மோட்டார் நிறுத்தியது நன்மையே. ஆனால் அது மிச்சப்படுத்திய உழைப்பின் பயன் யாரிடம் சேர்ந்தது என்று கேட்க வேண்டும். மின் இணைப்புப் பெறக் கிணறு வேண்டும். கிணறு வெட்ட நிலம் வேண்டும். 2011 கணக்குப்படி தமிழ்நாட்டு மக்களில் 20 விழுக்காட்டினர் பட்டியல் சாதியினர். அவர்கள் பயிரிடும் நிலமோ மொத்தத்தில் பத்தில் ஒரு பங்கிற்கும் குறைவு. இலவச மின்சாரம் நிலமில்லாதவன் வீட்டுக் கிணற்றுக்கு எப்படி வரும்? கிணறுடையவர்களிலும் சிறியவர்கள் பின்னர் இடர்ப்பட்டனர். மோட்டார் இரவும் பகலும் இறைக்க, நீர்மட்டம் இறங்கிற்று. கிணற்றை ஆழப்படுத்தியவர் பிழைத்தார், பின்பு ஆழ்துளை இட்டவர் பிழைத்தார், இயலாதவர் நிலத்தைத் தரிசாகப் போட்டார்.

பறி தைத்தவரின் பிள்ளைகள் கூலி வேளாண்மைக்கும் பண்ணை வேலைக்கும் போயினர். கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம் 1976-இல் வந்த பின்னும் முன்பணக் கட்டு பல இடங்களில் உடனே அறுபடவில்லை. 1980-கள் முதல் திருப்பூர்ப் பின்னலாடைத் தொழில் ஏற்றுமதியால் வளர்ந்தபோது, சுற்றுவட்டாரத்தில் கூலி உயர்ந்து அக்கட்டுத் தளர்ந்தது. அங்கும் நுழைந்த வகை கவனிக்கத் தக்கது. எட்டாம் வகுப்போ பத்தாம் வகுப்போ படித்த பிள்ளை தையல் எந்திரத்தருகே சென்றது. படிக்காத தந்தை வயலிலேயே நின்றார்.

தோலின் அறிவு மறைந்துவிடவில்லை, இடம் மாறியது. சென்னை அழகப்பச் செட்டியார் தொழில்நுட்பக் கல்லூரியில் 1940-களில் தோல் தொழில்நுட்பம் பாடமாயிற்று. 1948-இல் அடையாற்றில் மத்திய தோல் ஆராய்ச்சி நிலையம் நிறுவப்பட்டது. சுண்ணாம்பின் அளவும் துவர்ப்பின் நாளும் இப்பொழுது ஆய்வுக்கூடத்தின் ஏட்டில் இருக்கின்றன. பாலாற்றங்கரைத் தோல் கூடங்களின் கழிவுநீர் பற்றிய வழக்கில் 1996-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த பிறகு, கழிவைத் தூய்மை செய்யும் பொறியியலும் அத்தொழிலின் பகுதியாயிற்று. குழியில் இறங்குவோர் இன்றும் நம்மவரே. கழிவுத் தொட்டியில் நச்சுக் காற்றால் மாண்டோரும் பெரும்பாலும் நம்மவரே. அத்தொட்டியை வரைபவர் யார் என்பதற்கு விடை கல்லூரிச் சேர்க்கைப் பட்டியலில் இருக்கிறது. அதில் இடம்பெறப் பன்னிரண்டாம் வகுப்பில் கணிதமும் வேதியியலும் வேண்டும். பட்டியல் சாதியினரின் 18 விழுக்காட்டுக்குள் அருந்ததியர்க்கு 3 விழுக்காடு 2009-இல் தமிழ்நாட்டுச் சட்டமாயிற்று. இத்தகைய உள் ஒதுக்கீடு செல்லும் என்று உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு 2024 ஆகஸ்டு முதல் நாள் கூறிவிட்டது. ஒன்பதாம் வகுப்பிலேயே கணிதத்தைக் கைவிடும் பிள்ளைகளுக்கு மாலை வகுப்பு நடத்தக்கூடிய பட்டதாரிகள் நம் தெருக்களில் இப்பொழுது இருக்கிறார்கள்.