படக்கருவி யார் கையில்?

தூய பேதுருவுக்கு நம் முன்னோர் வழங்கிய பெயர் இராயப்பர். அப்பெயரையே இராயபுரம் இன்றும் தாங்கி நிற்கிறது. சென்னைக்குத் துறைமுகம் அமையாத காலத்தில், கடலில் நங்கூரமிட்ட கப்பல்களிலிருந்து ஆளையும் சரக்கையும் மசூலாப் படகுகளில் அலைகடந்து கரைசேர்த்த படகோட்டிகளே, மீனவராயிருந்த அத்திருத்தூதருக்கு இங்கு ஆலயம் எழுப்பினர். தென்னிந்தியாவின் முதல் இரயில் 1856இல் இவ்வூரிலிருந்தே புறப்பட்டது. அருகிலுள்ள பெரம்பூர் ஆலைத் தொழிலாளர்க்காக 1918இல் சென்னைத் தொழிலாளர் சங்கம் தோன்றியது.

உழைப்பால் உயர்ந்த இம்மண்ணை நம் திரைப்படங்கள் நெடுங்காலம் எவ்வாறு காட்டின? வட சென்னை என்றால் அடியாள், அரிவாள், கள்ளச் சாராயம். அதன் மொழியோ நகைப்புக்குரிய பொருள்.

1966இல் அமெரிக்காவின் அரிசோனாவில் சோல் வொர்த், ஜான் அடேர் என்னும் ஆய்வாளர்கள், நவஹோ பழங்குடியினர் சிலரிடம் படக்கருவியைக் கொடுத்து, விரும்பியதைப் படமாக்கச் சொன்னார்கள். அப்படங்களில் மனிதர் நெடுநேரம் நடந்துகொண்டே இருந்தனர். நெசவைப் பற்றிய படத்திலும் நெய்வதைவிட, அதற்கான பொருள்களைத் தேடி நடப்பதே மிகுதி. அயலாருக்கு அது வீண் நீட்சி. அவர்களுக்கோ நடையே கதை. கருவி கைமாறும்போது, எது முக்கியம் என்னும் தீர்ப்பும் கைமாறுகிறது.

தமிழகத்தில் அத்தகைய மாற்றத்தை இயக்குநர் பா. இரஞ்சித்திடம் காண்கிறோம். ஆவடிக்கு அருகே தலித் குடும்பத்தில் பிறந்து, சென்னை அரசு கவின்கலைக் கல்லூரியில் பயின்றவர் அவர். 2014இல் வெளியான 'மெட்ராஸ்' படத்தில் வடசென்னைக் குடியிருப்பின் இளைஞர்கள் கால்பந்து ஆடுகிறார்கள், படிக்கிறார்கள், வேலைக்குப் போகிறார்கள். ஒரு சுவருக்காகக் கட்சிகள் மோதி உயிர்கள் பலியாகின்றன. முடிவில் நாயகன் சிறுவர்களுக்குப் பாடம் சொல்லித்தருகிறான். 2021இல் வந்த 'சார்பட்டா பரம்பரை', நெருக்கடிநிலைக் கால வடசென்னையின் குத்துச்சண்டை மரபைக் காட்டியது. மூட்டை சுமக்கும் தோளுக்கும் ஒரு பரம்பரை உண்டு, ஒரு வாத்தியார் உண்டு, காத்துக்கொள்ள ஒரு மானம் உண்டு என்று அது எடுத்துரைத்தது. வணிகத் திரைக்கே உரிய மிகை இப்படங்களிலும் உண்டு. எனினும் இவற்றில் அம்மக்கள் பிறர் கதையின் அடியாள்கள் அல்லர். தம் கதையின் நாயகர்கள்.

நாசரேத்திலிருந்து நல்லது ஏதும் வருமா என்று நத்தனியேல் ஐயுற்றபோது, பிலிப்பு வாதாடவில்லை; நேரில் வந்து காணுமாறு அழைத்தார். நாமோ இம்மக்களைப் பற்றி மறையுரைகளில் இரக்கத்தோடு பேசினோம், அவர்களைப் பேசவிட்டோமா? நம் ஆலயங்களின் விழா மலர்களைப் புரட்டினால் பங்குத்தந்தையரின் பெயர்கள் ஆண்டுவாரியாக இருக்கும். கல் சுமந்தோர், கூலியில் காணிக்கை தந்தோர் பெயர்களை அரிதாகவே காண்கிறோம். அடுத்த மலரின் பக்கங்களையேனும் அவர்தம் பேரப்பிள்ளைகள் எழுதட்டும். நாம் வாசிப்போம்.