வழக்குக்கு முன் வரும் கடிதம்

பிரித்தானியாவில் மோட்டார் வண்டி வைத்திருப்போருக்குச் சில வேளைகளில் பொலிசாரிடமிருந்து ஒரு கடிதம் வருவதுண்டு. இன்ன நாளில், இன்ன இடத்தில், இன்ன இலக்கமுடைய வண்டி விதியை மீறி ஓட்டப்பட்டது. அதுபற்றி வழக்குத் தொடரப்படலாம் என்று அது கூறும். பெற்றவர், தம்மைக் குற்றவாளியெனத் தீர்த்துவிட்டார்களோ என்று கலங்குவார். ஆனால் அக்கடிதம் தீர்ப்பன்று. குற்றஞ் சாட்டப்படுபவருக்குக் காவலாகவே அது தோன்றிற்று என்பதை வரலாறு காட்டுகின்றது.

1896ஆம் ஆண்டில் வால்டர் ஆர்னல்ட் என்பவர் கெண்ட் பகுதியில், மணிக்கு 2 மைல் என்ற எல்லையை மீறி ஏறக்குறைய 8 மைல் வேகத்திற் சென்றார். பொலிஸ்காரர் ஒருவர் துவிச்சக்கர வண்டியில் துரத்திச் சென்று அவரைப் பிடித்தார். வேகமாகச் சென்றமைக்கு ஒரு ஷில்லிங் தண்டம் விதிக்கப்பட்டது. அங்கே நிகழ்ந்தது யாதென்பதை இருவரும் நேரில் அறிந்திருந்தனர்.

1903ஆம் ஆண்டின் மோட்டார் வண்டிச் சட்டம் இந்நிலையை மாற்றியது. வேக எல்லை 20 மைலாக உயர்ந்தது. 1904 முதல் ஒவ்வொரு வண்டியும் பதிவிலக்கம் தாங்க வேண்டியதாயிற்று. இனி வண்டியை நிறுத்தவேண்டிய தேவையில்லை. வேலியோரத்தில் மறைந்து நின்று, கடிகாரத்தால் வேகத்தைக் கணித்து, இலக்கத்தைக் குறித்துக்கொண்டாற் போதும். பல நாட் கழித்து அழைப்பாணை வந்தால், அன்று யார் ஓட்டினார், உடனிருந்தவர் யாவர் என்பதை எவ்வாறு நினைவுகூர்வது? நினைவு மங்கியபின் எதிர்வாதம் செய்தல் அரிதன்றோ?

ஆகவே, வேகக் குற்றத்திற்காக ஒருவரைத் தண்டிப்பதாயின், அவ்விடத்திலேயே எச்சரித்திருத்தல் வேண்டும். அன்றேல் 21 நாட்களுக்கு மேற்படாத காலத்துள் அறிவித்தல் அனுப்பியிருத்தல் வேண்டும் என அச்சட்டமே விதித்தது. 1930ஆம் ஆண்டுச் சட்டம் அதனை 14 நாட்களாகக் குறைத்தது. 1988ஆம் ஆண்டுச் சட்டத்திலும் அவ்வெல்லையே நிலைத்தது. 1992 முதல் வேகத்தைப் படம்பிடிக்கும் கருவிகள் வீதியோரங்களில் நிறுவப்பட்டன. கண்ணாற் கண்ட பொலிஸ்காரரும் அங்கே இல்லாது போகவே, அறிவித்தலின் தேவை மேலும் மிகுந்தது.

எனினும் இக்காவலுக்கு வரம்புண்டு. 14 நாட் கணக்கு, பதிவேட்டிலுள்ள வண்டிப் பொறுப்பாளருக்கு அனுப்பப்படும் முதல் அறிவித்தலுக்கே பெரும்பாலும் உரியது. வண்டியை இரவல் வாங்கி ஓட்டியவருக்குப் பின்னர் வரும் கடிதம் காலங்கடந்ததெனத் தள்ளப்படாது. அவ்வண்டியால் விபத்து நேர்ந்து, அதனை ஓட்டியவர் அறிந்திருப்பின், பொதுவாக முன்னறிவித்தல் வேண்டியதில்லை. அறிவித்தலுடன், ஓட்டியவர் யாரெனக் கேட்கும் வினாவும் வழக்கமாக வரும். அதற்கு 28 நாட்களுள் விடையளித்தல் பொறுப்பாளரின் கடமை. தக்க காரணமின்றி விடையளியாமை தனிக் குற்றமாகும். அதன் தண்டனை, சிறு வேகமீறலுக்குரியதிலும் கடுமையாகலாம்.

ஆதலின் அக்கடிதத்தைக் கண்டு கலங்குதலும் கூடாது, ஒதுக்கிவைத்தலும் கூடாது. நாள், இடம், இலக்கம் ஆகியவற்றை ஒப்புநோக்கி, உண்மையை உரிய காலத்தில் உரைத்தலே முறை. ஒருவர்மீது வழக்குத் தொடர எண்ணும் அரசு, அவருடைய நினைவு மங்குமுன் அவருக்கு அறிவித்தல் வேண்டும் என்னும் நீதியே அக்கடிதத்தின் பொருள்.