ஒரே வாரத்தில் ஒரு வீடு

நாள் முழுக்க வீட்டுக்கடன் ஃபைல்களோடு மல்லுக்கட்டிவிட்டு வந்த ராத்திரி, பஸ்டர் கீட்டனின் 'ஒன் வீக்' போட்டேன். 1920-ல் வந்த ஊமைப்படம். அரை மணி நேரம்கூட ஓடாது.

புதுசாய்க் கல்யாணமான ஜோடிக்குப் பரிசாக மனையும், பெட்டிகளில் அடைத்த வீடும் கிடைக்கிறது. நம்பர்படி பொருத்தினால் வீடு ரெடி. இது கற்பனை இல்லை. சியர்ஸ் கம்பெனி 1908-லிருந்தே தபாலில் ஆர்டர் வாங்கி இப்படி வீடு விற்றது. அந்தப் பெண் கிடைக்காத கடுப்பில் ஒருத்தன் பெட்டி நம்பர்களை மாற்றிவிட, வீடு கோணல்மாணலாய் எழும்புகிறது. புயலில் ராட்டினம்போலச் சுற்றுகிறது. அதற்காகவே வீட்டைச் சுழலும் மேடைமேல் கட்டினார்கள்.

கடைசியில், கட்டியதே தப்பான மனையில் என்று தெரிகிறது. இழுத்துப் போகும்போது வீடு தண்டவாளத்தில் மாட்டிக்கொள்கிறது. ரயில் வருகிறது... பக்கத்துத் தண்டவாளத்தில் போய்விடுகிறது. அப்பாடா என்பதற்குள் எதிர்ப்பக்கமிருந்து இன்னொரு ரயில் வந்து நொறுக்கிவிடுகிறது!

புனே வந்து இரண்டு வருஷமாகியும் அம்மாவுக்கு இந்தியும் வராது, மராத்தியும் வராது. பக்கத்து வீட்டுப் பையனுக்குத் தமிழ் தெரியாது. இரண்டு பேரும் ஒரே நேரத்தில் சிரித்தார்கள். பேச்சில்லாத படத்துக்குத்தான் இது முடியும்.

கீட்டன் அழவில்லை. இடிபாட்டில் 'விற்பனைக்கு' என்று அட்டை வைத்து, கட்டும் முறை எழுதிய தாளையும் சேர்த்து வைத்துவிட்டு, மனைவி கையைப் பிடித்துக்கொண்டு நடக்கிறார். ஏழு டிரான்ஸ்ஃபர், ஏழு வாடகை வீடு பார்த்த என் மனைவி அங்கேதான் சிரித்தாள். ஊருக்கெல்லாம் வீட்டுக்கடன் கொடுக்கும் எனக்குத்தான் தொண்டை அடைத்தது.