மழை நாள் கூலி யார் கணக்கில்?

விடியாத இருட்டில் பெரட்டுக்கு ஆள் நிற்கும். அந்த நேரத்தில் வானம் கொட்டிவிட்டால் மரப்பட்டை நனைந்துவிடும். பால் கோப்பைக்கு வராமல் பட்டையில் வழிந்து வீணாகும். வெட்டு இல்லை. வெட்டு இல்லையென்றால் செக்ரோலில் பேர் இல்லை. பேர் இல்லையென்றால் கூலியும் இல்லை. மலாக்காத் தோட்டங்களில் வளர்ந்தவர்களுக்கு இந்தக் கணக்கை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

மலாயாவில் ரப்பரை வணிகப் பயிராக முதலில் நட்டது மலாக்காவில்தான். 1896 வாக்கில் புக்கிட் லிந்தாங்கில் டான் சே யான் அதைத் தொடங்கினார். பிறகு ஜாசின், அலோர் காஜா வட்டாரங்களில் தோட்டங்கள் பெருகின; தமிழகத்திலிருந்து ஆட்கள் வந்து சேர்ந்தனர்.

கூலியை முதலாளியின் விருப்பத்துக்கே விட்டுவிட முடியாது என்ற எண்ணம் மெல்லத்தான் வேரூன்றியது. ஆணுக்கு ஒரு நாளைக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு என்பது பின்னாளில் நிர்ணயமான கூலி. 1930களின் தொடக்கத்தில் உலகப் பொருளாதார மந்தம் அதையும் சரித்தது. மீண்டும் உயர்ந்த கூலி 1938இல் 45 காசாகவும் 36 காசாகவும் வெட்டப்பட்டது. அதே ஆண்டு, உதவி பெற்று மலாயாவுக்கு வரும் தொழிலாளர் குடியேற்றத்தை இந்திய அரசு நிறுத்தியது. 1941இல் கிள்ளான் வட்டாரத்தில் தோட்டத் தொழிலாளர்கள் வேலை நிறுத்தம் செய்தபோது துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் பலியாயின.

இந்தப் போராட்டங்களின் முதல் கேள்வி "எவ்வளவு கூலி?" என்பது. அதற்கு இணையான இன்னொரு கேள்வியும் உண்டு: "எத்தனை நாள் கூலி?"

அதற்கு 1955ஆம் ஆண்டு வேலைச் சட்டத்தின் 16ஆவது பிரிவு பதில் சொன்னது. தோட்டத்தில் நாள் கணக்கில் கூலி பெறுபவருக்கு மாதம் 24 நாளாவது வேலை கொடுக்க வேண்டும். கொடுக்க முடியாவிட்டால், குறையும் நாட்களுக்கும் கூலி கொடுக்க வேண்டும். வேலையில்லாத நாளின் சுமை தொழிலாளி தோளிலிருந்து முதலாளி தோளுக்கு மாறியது என்பதே இதன் பொருள். ஆனால் நாட்கூலி முறை அப்படியே இருந்தது. 1954இல் உருவான தோட்டத் தொழிலாளர் தேசிய சங்கம் பல்லாண்டு மாதச் சம்பளம் கேட்டது. 1990இல் வேலை நிறுத்தமும் நடந்தது. 2003இல் வந்த மாதச் சம்பளம் 350 வெள்ளி. 2013இல் தீபகற்பத்தில் குறைந்தபட்சச் சம்பளம் 900 வெள்ளியாகவும், 2025 பிப்ரவரியில் 1,700 வெள்ளியாகவும் ஆனது. வாரம் ஆறு நாள் வேலை செய்யும் நாட்கூலிக்காரருக்கு அது நாளொன்றுக்கு 65 வெள்ளி 38 காசு.

தோட்டத்தை விட்டு வெளியே வந்தவர்களின் கதை என்ன? புலாவ் செபாங் போன்ற இடங்களில் இரயில் பாதையிலும், பொதுப்பணித் துறையின் சாலை வேலையிலும், நகராண்மைக் கழகங்களிலும் தமிழர்கள் உழைத்தனர். அங்கே முதலாளி அரசாங்கம். இன்றும் அரசு அலுவலகங்களில் 'பெக்கெர்ஜா சம்பிலான் ஹாரியான்' எனப்படும் தினக்கூலித் தற்காலிகப் பணியாளர்கள் இருக்கிறார்கள். வந்த நாளுக்குத்தான் கூலி. அந்த 24 நாள் பிரிவோ தோட்டத்துக்கு மட்டுமே எழுதப்பட்டது.

இந்தியாவில் இதே கேள்வி உச்ச நீதிமன்றம் வரை போனது. மத்தியப் பொதுப்பணித் துறையின் தினக்கூலிகள் தொடுத்த வழக்கில், நிரந்தர ஊழியருக்கு உள்ள சம்பளத்தை அவர்களுக்கும் தர வேண்டும் என்று 1986இல் தீர்ப்பு வந்தது. 2016இல் பஞ்சாப் அரசு தொடர்பான வழக்கில், ஒரே வேலையைச் செய்யும் தற்காலிக ஊழியருக்கு நிரந்தர ஊழியரின் சம்பள விகிதத்தில் குறைந்தபட்சத் தொகையாவது உரியது என்று நீதிமன்றம் உறுதிப்படுத்தியது.

தனியார் தோட்டத்தை நோக்கி, "வேலை இல்லாத நாளுக்கும் நீயே பொறுப்பு" என்று சட்டம் எழுதியது அரசாங்கம். அதே அளவுகோலை அது தன் சொந்த வாசலிலும் வைக்க வேண்டாமா? பெரட்டில் நின்ற தாத்தாவுக்குக் கிடைத்த 24 நாள் பாதுகாப்பு, அரசு அலுவலகத்தில் தினக்கூலிக்குக் கையெழுத்துப் போடும் பேத்திக்கும் கிடைக்க வேண்டியதுதானே!